124-இல் நின்றுபோகும் பேராசை

போகிமான் விளையாட்டைப் பற்றிப் பெரியவர்கள் வைத்திருக்கும் கருத்து ஏறக்குறைய முடிந்துபோன வழக்கின் தீர்ப்பைப் போல ஆகிவிட்டது. கண்ணில் பட்டதையெல்லாம் பிடி, பெட்டியில் அடை, எண்ணிக்கையைக் கூட்டு, போதாது என்று மறுபடியும் அலை. பிள்ளைகளுக்கு நுகர்வு வெறியை ஊட்டும் முதல் பாடம் இதுதான் என்கிறார்கள். பெற்றோர் கூட்டங்களில் இதைக் கேட்கிறேன். குழந்தை வளர்ப்புப் பத்திகளில் படிக்கிறேன். முதலாளித்துவத்தை எதிர்ப்பவர்களும் சொல்கிறார்கள், ஆசையே துன்பத்துக்குக் காரணம் என்று உபதேசிப்பவர்களும் சொல்கிறார்கள். அமெரிக்காவில் இதை விற்றபோது, எல்லாவற்றையும் பிடித்தே ஆகவேண்டும் என்று முழங்கிய விளம்பர வாசகம் ஒன்று இருந்தது. வழக்கின் முதல் சாட்சியாக அதைத்தான் கொண்டுவந்து நிறுத்துகிறார்கள்.

விளம்பரம் விற்பவருடைய குரல். விளையாட்டு என்ன சொல்கிறது என்பதை அதன் விதிகளைத்தான் கேட்க வேண்டும். அந்த விதிகளை ஒவ்வொன்றாக எடுத்துப் பார்க்கிற எவருக்கும் ஓர் உண்மை தெரியவரும். தனியாளாகச் சேர்த்துக் குவிக்க நினைப்பவர் தோற்றே தீரும்படி கட்டப்பட்டது இந்த விளையாட்டு. கையில் இருப்பதைக் கொடுக்காமல் இதை முடிக்க முடியாது.

கணக்கையே போட்டுப் பார்ப்போம். கேம் ஃப்ரீக் நிறுவனத்தின் சிவப்பு, பச்சை என்ற இரண்டு பதிப்புகள் 1996 பிப்ரவரி 27 அன்று ஜப்பானில் கேம் பாய் கருவிக்கு வெளிவந்தன. 1998-இல் அமெரிக்காவுக்குப் போனபோது அவை சிவப்பு, நீலம் ஆயின. அந்தச் சிவப்புப் பதிப்பை எடுத்துக்கொள்கிறேன். மொத்தம் 151 ஜீவன்கள். அவற்றில் 11 இந்தக் கேட்ரிட்ஜில் எந்தப் புல்வெளியிலும் எந்தக் குகையிலும் தென்படாது. சாண்ட்ஷ்ரூ, வல்பிக்ஸ், மியாவ்த், பெல்ஸ்பிரவுட் எல்லாம் நீலப் பதிப்பு வைத்திருப்பவரிடம்தான் உண்டு. ஆட்டத்தின் தொடக்கத்தில் பேராசிரியர் ஓக்கின் மேசையில் மூன்று பந்துகள் இருக்கும். ஒன்றை நீங்கள் எடுத்தால், அதை வெல்லக்கூடியதை எதிராளிப் பையன் எடுத்துக்கொள்வான். மூன்றாவது உங்களுக்கு இல்லை. ஆக இரண்டு குடும்பங்கள், ஆறு ஜீவன்கள் முதல் ஐந்து நிமிடத்திலேயே கைவிட்டுப் போகின்றன. நிலா மலைக் குகையில் இரண்டு புதைபடிவங்கள் கிடக்கும், ஒன்றைத்தான் எடுக்கலாம். அதில் இரண்டு போயிற்று. சண்டைக் கூடத்தில் உதைப்பவனா குத்துபவனா என்று கேட்பார்கள், அதில் ஒன்று. ஈவி ஒன்றே ஒன்றுதான் கிடைக்கும். அதை நீராக்கலாம், மின்னலாக்கலாம், நெருப்பாக்கலாம், ஆனால் ஒரே முறை, அதில் இரண்டு. கடாப்ரா, மஷோக், கிராவ்லர், ஹாண்டர் ஆகிய நான்கும் எத்தனை மணி நேரம் பழக்கினாலும் தம் கடைசி வடிவத்தை எட்டாது. இன்னொருவர் கைக்குப் போன பிறகுதான் அலகசாமாகவும் கெங்காராகவும் மாறும். மியூ என்ற கடைசி ஒன்று ஆட்டத்துக்குள் கிடைப்பதே இல்லை. கூட்டிக் கழித்தால் மிஞ்சுவது 124.

நூறு மணி நேரம் ஆடினாலும், ஆயிரம் மணி நேரம் ஆடினாலும், நண்பர் இல்லாதவருக்கு அதுதான் உச்சம். பேராசையைப் பயிற்றுவிக்க நினைப்பவர் இப்படியொரு சுவரையா எழுப்புவார்? பேராசைக்கு வேண்டியது, உழைத்தால் எல்லாம் உனக்கே என்ற உறுதிமொழி. அதைத்தான் இந்த விளையாட்டு கொடுக்க மறுக்கிறது.

அந்த 124-க்குள்கூட நான்கு ஜீவன்கள் ஆட்டத்து ஊர்க்காரர்களிடம் எதையாவது கொடுத்தால்தான் கிடைக்கும். ஒருவரிடம் ஒரு ஸ்பியரோவைக் கொடுத்தால் ஃபார்ஃபெச்ட் என்ற வாத்து வரும். அப்ராவைக் கொடுத்தால் மிஸ்டர் மைம். பாலிவர்லைக் கொடுத்தால் ஜிங்க்ஸ். ஸ்லோப்ரோவைக் கொடுத்தால் லிக்கிடங். இவை காட்டில் கிடைப்பதில்லை. இரண்டு கருவிகளை இணைக்கும் கேபிளும் நண்பரும் இல்லாத குழந்தைக்கும் கொடுத்து வாங்கும் பழக்கத்தை அந்தச் சின்னக் கேட்ரிட்ஜ் சொல்லிக்கொடுக்கிறது.

பிடித்த ஜீவன்களைப் பதிந்துவைக்கும் போகிடெக்ஸைத்தான் எதிர்த்தரப்பு கவனிக்கவே இல்லை. பேராசிரியர் கேட்பது மிருகக்காட்சிசாலை அல்ல, ஒரு பதிவேடு. ஒரு ஜீவன் ஒரு முறை உங்களிடம் இருந்தால் அது பதிவாகிவிடும். பிறகு அதை நண்பருக்குக் கொடுத்துவிட்டாலும் பதிவு அழியாது. என் கடாப்ராவை உனக்கு அனுப்புகிறேன், அது அங்கே அலகசாமாகிறது, நீ திருப்பி அனுப்புகிறாய், இரண்டு பேர் ஏட்டிலும் அலகசாம். ஒருவர் பெற்றதால் மற்றவர் இழக்காத கணக்கு இது. 151-ஐயும் முடித்தவருடைய பெட்டியில் 151-உம் இருக்க வேண்டிய அவசியமே கிடையாது. இலக்கு உடைமை அல்ல, அறிமுகம்.

கைமாறிய ஜீவனின் விதிகளையும் பாருங்கள். முதலில் பிடித்தவரின் பெயர் அதனோடு கடைசிவரை ஒட்டியிருக்கும். நண்பர் அதற்கு வைத்த செல்லப்பெயரை நீங்கள் மாற்ற முடியாது. லாவெண்டர் ஊரில் இருக்கும் பெயர் மாற்றித்தரும் கிழவரிடம் போனாலும் அவர் மறுத்துவிடுவார். கைமாறி வந்தது உங்களிடம் ஒன்றரை மடங்கு அனுபவம் பெற்று வேகமாக வளரும். ஆனால் உங்கள் தகுதிக்கு மீறிய பலத்தோடு வந்திருந்தால் உங்கள் பேச்சைக் கேட்காது, களத்தில் தூங்கும், முகத்தைத் திருப்பிக்கொள்ளும். பதக்கங்களை வென்று தகுதியை உயர்த்திக்கொண்டால்தான் கீழ்ப்படியும். பணக்கார நண்பனிடம் வலிமையை வாங்கி வந்து ஊரை மிரட்ட நினைக்கும் பிள்ளைக்கு இதைவிடத் தெளிவாக எப்படிச் சொல்வது? உடைமை என்பதை உலகின் எத்தனை விளையாட்டுகள் இவ்வளவு நுட்பமாக யோசித்திருக்கின்றன என்று எனக்குத் தெரிந்த அளவில் தேடிப் பார்த்தால், விரல்கள் மிச்சமாகின்றன.

இரண்டு பதிப்பு என்பதே இரண்டு முறை விற்பதற்கான தந்திரம்தானே என்று கேட்பார்கள். கேட்கப்பட வேண்டிய கேள்விதான், எதிர்த்தரப்பில் இருக்கும் வலுவான வாதமும் இதுதான். நிறுவனத்துக்கு இதில் லாபம் இருந்தது, இருக்கிறது. ஆனால் பரிமாற்றம் விற்பனைப் பிரிவில் பிறந்த யோசனை அல்ல. இதை உருவாக்கிய சதோஷி தஜிரி டிராகன் குவெஸ்ட் 2 ஆடிக்கொண்டிருந்த காலத்தில், எவ்வளவு முயன்றும் ஓர் அரிய தொப்பி அவருக்குக் கிடைக்கவில்லை. பின்னாளில் போகிமான்களை வரைந்த அவருடைய நண்பர் கென் சுகிமோரியிடம் அது இரண்டு இருந்தது. ஒன்றை இந்தப் பக்கம் அனுப்ப வழியிருந்தால் எவ்வளவு நன்றாக இருக்கும் என்ற ஏக்கம் அங்கே தொடங்கியது. 1989-இல் கேம் பாய் வந்தபோது அதன் பக்கவாட்டில் ஒரு லிங்க் கேபிள் துளை இருந்தது. டெட்ரிஸ் ஆடுபவர்கள் அதை ஒருவரையொருவர் தோற்கடிக்கப் பயன்படுத்தினார்கள். தஜிரி அந்தக் கம்பியில் ஒரு பூச்சி ஊர்ந்து அடுத்த கருவிக்குப் போவதைக் கற்பனை செய்தார். போட்டிக்கென்று வைத்த கம்பியைக் கொடுக்கல் வாங்கலுக்குத் திருப்பியதுதான் அவருடைய கண்டுபிடிப்பு. அதை முடிக்க ஏறத்தாழ ஆறு ஆண்டுகள் ஆயின, நிறுவனம் திவாலாகும் நிலைவரை போனது. பதிப்புகளை நிறம் பிரித்து வெளியிடும் யோசனை நின்டெண்டோவின் ஷிகெரு மியாமோட்டோவுடன் பேசியதில் உருப்பெற்றது. தந்திரம் என்றே வைத்துக்கொள்ளுங்கள். இரண்டு கேட்ரிட்ஜும் வாங்கிய பணக்காரப் பிள்ளைக்கு இரண்டாவது கருவியும் கேபிளும் வேண்டும். அத்தனையும் வாங்கித் தனியாக உட்கார்ந்து தனக்குத் தானே அனுப்பிக்கொள்வதைவிட, பக்கத்து பெஞ்சுப் பிள்ளையிடம் கேட்பது எளிது, செலவில்லாதது. எது எளிதோ அதைத்தான் பிள்ளைகள் செய்தார்கள். பெரிய விளம்பர ஆரவாரம் இல்லாமல் வெளிவந்து, பள்ளிக்கூட வாசல்களில் வாய்வழியாகப் பரவித்தான் இது ஜப்பானை நிறைத்தது.

நம் ஊரில் இந்தத் தவறான கருத்து இவ்வளவு ஆழமாக ஊன்றியதற்கு வேறொரு காரணமும் இருக்கிறது என்று நினைக்கிறேன். இங்கே இந்த விளையாட்டை அறிந்தவர்களில் பலர் கேம் பாயைத் தொட்டதே இல்லை. கணினியில், பிறகு கைப்பேசியில், எமுலேட்டர் போட்டு ஆடினார்கள். நானும் அப்படித்தான் தொடங்கினேன். எமுலேட்டரில் கேபிளுக்கு அந்தப் பக்கம் யாரும் இல்லை. வேகத்தைக் கூட்டும் பொத்தான் உண்டு, நினைத்த இடத்தில் சேமித்துத் தோல்வியை அழிக்கலாம், ஹாண்டர் தானாகவே கெங்காராக மாறும்படி திருத்திய கோப்புகளும் சுற்றின. மற்றவர் இல்லாத அந்த ஆட்டத்தில் எஞ்சுவது எண்ணிக்கை மட்டும்தான். அதைப் பார்த்த வீட்டுப் பெரியவர்கள் இதில் வேறெதுவும் இல்லை என்று முடிவுகட்டினார்கள். அவர்கள் பார்த்தது பாதி விளையாட்டு. அந்தப் பாதியை வைத்து முழுமைக்கும் தீர்ப்பு எழுதக் கூடாது.

அடுத்த குற்றச்சாட்டு, இயற்கையிடமிருந்து பிள்ளைகளைப் பிரித்தது என்பது. இதற்கு ஆதாரமாகக் காட்டப்படும் ஆய்வு ஒன்று உண்டு. 2002-இல் ஆண்ட்ரூ பாம்ஃபோர்டும் அவருடைய கேம்பிரிட்ஜ் சகாக்களும் சயின்ஸ் இதழில் எழுதினார்கள். பிரிட்டன் தொடக்கப்பள்ளிக் குழந்தைகளிடம் படங்களைக் காட்டி அடையாளம் சொல்லச் சொன்னார்கள். நான்கு வயதில் குழந்தைகளுக்குக் காட்டுயிர்களைத்தான் கூடுதலாகத் தெரிந்திருந்தது. எட்டு வயதில் போகிமான்களில் ஏறத்தாழ 80 விழுக்காட்டை அடையாளம் சொன்ன குழந்தைகள், தங்கள் நாட்டின் சாதாரண செடிகொடிகளிலும் விலங்குகளிலும் பாதியைத்தான் சொன்னார்கள். இந்த எண்ணை மட்டும் பிய்த்தெடுத்து, பார்த்தீர்களா கெடுத்துவிட்டது என்கிறார்கள். ஆய்வாளர்கள் சொன்னது வேறு. உயிரினங்களைப் பிரித்தறியும் ஆற்றல் குழந்தைகளிடம் அபாரமாக இருக்கிறது. அந்த ஆர்வத்தைத் தூண்டுவதில் இயற்கைப் பாதுகாப்பாளர்களாகிய நாம் போகிமானை உருவாக்கியவர்களிடம் தோற்றுக்கொண்டிருக்கிறோம் என்றுதான் எழுதினார்கள். கட்டுரையின் தலைப்பே, பாதுகாப்பாளர்கள் போகிமானைக் கவனிக்க வேண்டும் என்ற பொருளில் இருந்தது. குற்றப்பத்திரிகை தங்கள் மீதே என்று அவர்களுக்குத் தெரிந்திருந்தது.

அதோடு காரணத்தையும் விளைவையும் இடம் மாற்றி வைக்கிறார்கள். தஜிரி 1965-இல் பிறந்தவர், டோக்கியோவின் மேற்குப் புறநகரான மச்சிதாவில் வளர்ந்தவர். அப்போது அங்கே வயல், குளம், தோப்பு எல்லாம் இருந்தன. பூச்சிகள் மேல் அவருக்கு இருந்த பித்தைப் பார்த்துக் கூட்டாளிகள் அவரைப் பூச்சி டாக்டர் என்று அழைத்தார்கள். மற்ற பிள்ளைகள் மரப்பட்டையில் தேன் தடவி வண்டுகளுக்குக் காத்திருந்தபோது, பகலில் அவை கல்லுக்கடியில் உறங்கும் என்று கண்டுகொண்டு மரத்தடியில் கல்லை வைத்துப் பிடித்தவர் அவர். பிறகு நகரம் வந்தது. மீன் பிடித்த குளத்தைத் தூர்த்து அந்த இடத்தில் வீடியோ கேம் கூடம் கட்டினார்கள். குளம் போன பிறகுதான் அந்தப் பையன் வீடியோ கேமுக்கு வந்தான். பூச்சி பிடிக்க இடமில்லாமல் போன அடுத்த தலைமுறைக்குத் தன் சிறுவயதின் ஒரு துண்டைக் கொடுக்கத்தான் இதை உருவாக்கினேன் என்ற கருத்தை அவர் பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். குளத்தைத் தூர்த்தவர்களை விட்டுவிட்டு, தூர்க்கப்பட்ட குளத்தை நினைவில் வைத்திருந்தவரை நாம் குற்றவாளிக் கூண்டில் ஏற்றுகிறோம்.

அந்த நினைவு விளையாட்டு முழுவதும் இருக்கிறது. 1999-இல் வந்த தங்கம், வெள்ளி பதிப்புகளில் கேட்ரிட்ஜுக்குள் ஒரு கடிகாரம் ஓடியது. இரவில் மட்டும் வரும் ஆந்தை, காலையில் மட்டும் வரும் பொறிவண்டுகள், வாரத்தின் ஒரு குறிப்பிட்ட நாளில் மட்டும் குகைக்குள் தோன்றும் லாப்ரஸ். ஞாயிறன்று நடக்காது, வெள்ளிக்கிழமை வரை பொறுத்திரு. 2006-இன் வைரம், முத்து பதிப்புகளில் மரத்தில் தேன் தடவிவிட்டு மணிக்கணக்கில் காத்திருக்க வேண்டும். மச்சிதா பிள்ளைகளின் அதே தேன். நினைத்த நேரத்தில் நினைத்தது கிடைக்க வேண்டும் என்று பழக்குவதுதான் நுகர்வு வெறி என்றால், இது அதற்கு நேர் எதிரான பழக்கம். 2019-இல் ஸ்டான்ஃபோர்ட் ஆய்வாளர்கள், சிறுவயதில் கேம் பாயில் இதை ஆடி வளர்ந்தவர்களின் மூளையைப் படமெடுத்துப் பார்த்தார்கள். போகிமான் உருவங்களுக்குத் தனியே செயல்படும் பகுதி ஒன்று அவர்களிடம் ஒரே இடத்தில் இருந்தது. 160-க்கு 144 புள்ளிகள் கொண்ட, நான்கே சாயல் காட்டும் ஒரு சிறு திரையை அந்தக் குழந்தைகள் எவ்வளவு உன்னிப்பாகப் பார்த்திருக்கிறார்கள் என்பதற்கு இதுவே சான்று.

விலங்குகளைச் சண்டைக்கு விடுவது கொடுமை அல்லவா என்ற கேள்வியை நீட்டி விவாதிக்க எனக்கு அவசியமாகப் படவில்லை. விலங்குரிமை அமைப்பான பீட்டா 2012-இல் இதைக் கண்டித்து ஒரு நையாண்டி விளையாட்டையே வெளியிட்டது. அதற்கு இரண்டு ஆண்டுகளுக்கு முன்பே, 2010-இன் கறுப்பு, வெள்ளை பதிப்புகள் இதே கேள்வியைத் தம் கதையின் நடுவில் வைத்துவிட்டன. மனிதர்களிடமிருந்து போகிமான்களை விடுவிக்க வேண்டும் என்று போராடும் ‘என்’ (N) என்ற இளைஞன் அதில் வருகிறான். அவன் சொல்வதில் நியாயமில்லை என்று ஆட்டம் எளிதில் தள்ளிவிடுவதில்லை. முதல் பதிப்பிலேயே, தோற்றவை சாவதில்லை, மயங்கத்தான் செய்யும் என்பதில் தஜிரி பிடிவாதமாக இருந்தார். அதே ஆட்டத்தில்தான் லாவெண்டர் ஊரின் கல்லறைக் கோபுரமும் இருக்கிறது. ஒரு கொள்ளைக் கும்பலிடமிருந்து தப்ப முயன்றபோது கொல்லப்பட்ட மரோவாக் என்ற தாயின் ஆவி அங்கே வழியை மறிக்கும். அதைப் பந்து எறிந்து பிடிக்க முடியாது. எல்லாவற்றையும் பிடி என்று பழக்குவதாகச் சொல்லப்படும் ஆட்டத்தில் பிடிக்கக் கூடாத ஒன்று நடுவழியில் நிற்கிறது.

பொத்தானை அழுத்திக்கொண்டே இருந்தால் போதும், மூளைக்கு வேலையில்லை என்பவர்கள் ஒரே ஒரு முறை ஆடிப் பார்த்திருந்தாலும் இதைச் சொல்லமாட்டார்கள். நெருப்பு ஜீவனைத் தேர்ந்தெடுத்த குழந்தை முதல் பயிற்சிக்கூடத்தின் தலைவன் புரோக்கின் பாறை ஜீவன்களிடம் அடிவாங்கித்தான் ஆட்டத்தைப் படிக்கத் தொடங்குகிறது. முதல் தலைமுறையில் 15 வகைகள், இப்போது 18. எது எதை வெல்லும், எது எதற்கு அடங்கும் என்ற அட்டவணையைப் பிள்ளைகள் யாரும் திணிக்காமல் மனப்பாடமாக வைத்திருக்கிறார்கள். கூடவே எப்போதும் ஆறு ஜீவன்கள்தான். ஒவ்வொன்றுக்கும் நான்கே வித்தைகள். புதிதாக ஒன்று கற்க வேண்டுமானால் பழையது ஒன்றை மறக்க வேண்டும். பெட்டியில் 240 இருக்கலாம், பயணத்துக்கு வருவது ஆறு. உலகப் போட்டிகளில் இது இன்னும் கறாராகிறது. 2023-இல் யோகோகாமாவில் நடந்த போட்டியில் ஆடியவர்கள் ஆறு ஜீவன்களை எதிராளிக்குக் காட்டிவிட்டு, அவற்றில் நான்கை மட்டுமே களமிறக்கினார்கள். எல்லாருடைய ஜீவன்களும் 50-ஆம் லெவலிலேயே வைத்துக் கணக்கிடப்பட்டன. மாதக்கணக்கில் சண்டையிட்டு லெவலை 100 ஆக்கிக்கொண்டு வந்தவருக்கு அங்கே ஒரு புள்ளிகூடக் கூடுதல் கிடையாது. நிறைய வைத்திருப்பவர் வெல்லும் ஆட்டம் அல்ல இது. எதை விட்டுவிட்டு வருவது என்று தெரிந்தவர் வெல்லும் ஆட்டம்.

எதிர்த்தரப்பின் கோபம் முழுக்கப் பொய் என்று நான் சொல்லவில்லை, தவறான முகவரிக்குப் போய்ச் சேர்ந்திருக்கிறது என்கிறேன். சேகரிக்கும் ஆசையைச் சுரண்டிப் பணம் பறிக்கும் விளையாட்டுகள் இருக்கின்றன. கைப்பேசியில் இலவசமாக இறங்கி, உள்ளே என்ன வரும் என்று தெரியாத பெட்டிகளைக் காசுக்கு விற்கும் கச்சா முறையை ஜப்பான் நன்றாகவே அறிந்திருக்கிறது. ஒரு தொகுப்பு முழுவதையும் சேர்த்தால்தான் பரிசு என்று பிள்ளைகளை மேலும் மேலும் செலவழிக்க வைத்த முழுத்தொகுப்புக் கச்சாவை 2012-இல் அந்நாட்டு நுகர்வோர் முகமையே சட்டவிரோதம் என்று அறிவித்தது. அங்கே இல்லாததை உங்களுக்குத் தருவது பணம். இங்கே தருவது நண்பர். 1996-இன் கேட்ரிட்ஜ் ஒருமுறை கடையில் காசு வாங்கியதோடு சரி, உள்ளே இருக்கும் பணம்கூட ஆட்டத்துப் பணம்தான். நிலா மலை அடிவாரத்தில் ஒருவன் உதவாக்கரை மேஜிகார்ப்பை 500-க்கு நம் தலையில் கட்டுவான். துள்ளுவதைத் தவிர ஒன்றும் தெரியாத அந்த மீனைத் தூக்கியெறியாமல் 20-ஆம் லெவல் வரை கூடவே வைத்துக் காப்பாற்றியவருக்கு அது க்யாரடோஸாக எழும். அந்த வளர்ச்சியைக் காசு கொடுத்துக் குறுக்கு வழியில் வாங்க முடியாது.

இரண்டையும் ஒரே பெயரில் திட்டுவதால் உண்மையில் தப்பிப்பது சுரண்டுபவர்கள்தான். போகிமான் நிறுவனத்தையும் நான் இதில் விட்டுவைக்கப் போவதில்லை. கைப்பேசிக்கு அது வெளியிட்ட விளையாட்டுகளில் காசுக்கு விற்கும் பொருள்கள் இருக்கின்றன. புதிய கருவிகளில் இணையவழி ஜீவன் பரிமாறிக்கொள்ளச் சந்தா கட்ட வேண்டியிருக்கிறது. 2020-இல் தொடங்கிய ஹோம் சேவையில், பழைய பதிப்புகளின் ஜீவன்களை ஏராளமாகச் சேர்த்துவைக்க ஆண்டுக்கு ஆண்டு பணம் செலுத்த வேண்டும். எதிரில் உட்கார்ந்த பிள்ளையிடம் ஒரு கம்பியில் நடந்த கொடுக்கல் வாங்கலுக்கு இன்று இணையத்தில் கட்டணம். பெற்றோர்களும் ஆசிரியர்களும் இதைப் பற்றிக் கோபப்படட்டும். நிறுவனத்துக்கும் நுகர்வோர் அமைப்புகளுக்கும் எழுதட்டும், அந்தக் கடிதத்தில் என் கையெழுத்தும் இருக்கும். ஆனால் அதில் அந்தச் சாம்பல் நிறக் கருவியையும், 124-இல் நின்று நண்பரைக் கூட்டிவா என்று சொன்ன கேட்ரிட்ஜையும் குற்றவாளியாகச் சேர்த்தால் நான் கையெழுத்திட மாட்டேன்.